சிக்னலில் கட்டிய பனிமலை

அன்றைக்கு அந்த சிக்னலில் இருந்தவர்கள் யார் யார் என்று முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிற்பாடு ‘நானும் இருந்தேன், நானும் பார்த்தேன்’ என்று ஊரில் ஆளாளுக்குக் கிளம்பிவிட்டார்கள். பந்தல் மேஸ்திரி நான். கம்பத்தில் ஏறுகிற சகாயம். மலைக்கோட்டைக்குக் கீழே பந்தல் சாமான் வாடகைக்கு விடுகிற எங்கள் முதலாளி காதர் பாய். போக்குவரத்து ஏட்டம்மா. டேப்பும் கையுமாக ஒரு என்ஜினியர் சார். ஸ்கூட்டரில் ஒரு ஸ்ரீரங்கத்துப் பெரியவர். கடைசியில் வந்த, ஆர்டருக்குக் கையெழுத்துப் போடுகிற பெரிய மேடம். ஒரு பசுமாடு. மற்றதெல்லாம் வண்டியில் வந்த ஜனம். சிவப்புக்கு நின்று பச்சைக்குப் போக வேண்டியவர்கள். போகவில்லை, அதுதான் தொந்தரவே.

தம்பிகளா, இந்த வேலைக்குப் புதுசாக வந்திருக்கிறீர்கள். முடிச்சுப் போடுவதும் குழி பறிப்பதும் கை பழகினால் வந்துவிடும், அதை நான் எழுதிக் காட்ட முடியாது. நான் ஏழாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவன். முட்டி தேய்ந்து ஏணியையும் விட்டாச்சு. எழுதச் சொன்னார்கள், எழுதுகிறேன். தப்பு இருந்தால் திருத்திப் படித்துக்கொள்ளுங்கள், என்னைக் கூப்பிட்டுக் கேட்காதீர்கள், எனக்கு போன் அடித்தாலே நெஞ்சு படபடக்கும்.

அந்த வருஷம் வெயில் மாசியிலேயே வந்து உட்கார்ந்துகொண்டது. சித்திரைக்கு என்ன மிச்சம் வைத்திருக்கிறதோ என்று எனக்கு அப்போதே பயம். வெயிலுக்குப் பயந்து கல்யாணமெல்லாம் ஏசி மண்டபத்துக்குள் போய்விட்டது. வாசல் பந்தல் போடுகிறவர்கள் குறைந்துவிட்டார்கள். எங்களுக்கு சித்திரையில் கிடைத்ததே மூணு பந்தல், அதில் இரண்டு சாவு.

அப்போதுதான் அரசாங்கத்தில் வெயிலையும் வெள்ளம், புயல் மாதிரி பேரிடர் கணக்கில் சேர்த்திருந்தார்கள். ஊரெல்லாம் தண்ணீர்ப் பந்தல், உப்புச் சர்க்கரைப் பொட்டலம், ‘மதியம் பன்னிரண்டிலிருந்து மூணு வரை யாரும் வெளியே வராதீங்க’ என்று மைக் கட்டின ஆட்டோ. அந்த ஆட்டோக்காரரும் பன்னிரண்டிலிருந்து மூணு வரைதான் சுற்றினார், பாவம். அதோடு, சிக்னலில் நிற்கிற வண்டிக்காரர்களுக்கு மேலே பச்சை வலைப் பந்தல். முதல் பந்தலை மாதிரிக்கு ஒரு சிக்னலில் போட்டுக் காட்டச் சொன்னார்கள். காவிரிப் பாலம் இறங்கி ஸ்ரீரங்கம் போகிற வழியில் ஒரு சிக்னல். அது பிடித்திருந்தால், எடமலைப்பட்டி புதூர் வரைக்கும் மிச்ச சிக்னல் எல்லாம் எங்களுக்கு.

காதர் பாய் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். “மேஸ்திரி, இது கெடச்சா ஆடி முடியுற வரைக்கும் நம்ம ஆளுங்களுக்கு சோறு. கெடைக்கலேன்னா சகாயம் திருப்பூர் பஸ் ஏறிடுவேங்கறான். மத்தவனுங்களும் பின்னாடியே போயிடுவானுங்க. அப்புறம் நீயும் நானும்தான் கம்பம் ஏறணும். இன்ஷா அல்லாஹ், நல்லா போட்டுக் குடு.”

பாய்க்கு நூறு கிலோ. எனக்கு மயக்கம் வரும். ஆக, இந்தப் பந்தல் நின்றால்தான் எங்கள் கூட்டம் நிற்கும். அதை மட்டும் மனசில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

காலையிலேயே பந்தலைத் தூக்கி நிறுத்திவிட்டோம். பஸ் போகிற உயரம், பதினெட்டடி. இரும்புக் கம்பம், மேலே பச்சை வலை. இறங்கி வந்து பார்த்தால் எனக்கே பகீர் என்றது. மொட்டைப் பந்தல். நம் ஊரில் வாழைமரம் இல்லாமல் பந்தல் எங்கே போடுவோம்? சாவு வீட்டில்தானே?

நான் பயந்த மாதிரியே ஆச்சு. ஒரு ஆட்டோக்காரர் வேகத்தைக் குறைத்து, “பெரியவரா? எத்தன மணிக்கு எடுக்குறாங்க?” என்றார். ஒரு அம்மா பஸ் ஜன்னலிலேயே கன்னத்தில் போட்டுக்கொண்டது. பூக்கடை ஆள் ஒருத்தர் கேட்கவே இல்லை, ரோஜா மாலையோடு நேராக வந்துவிட்டார். “பாடி எங்கண்ணே?”

“பாடி இல்லப்பா.”

“இன்னும் ஆஸ்பத்திரியிலேருந்து வரலையா?”

அரசாங்கத்துப் பந்தலைப் பார்த்து ஊரே துக்கம் விசாரித்தால் நமக்கு எப்படி ஆர்டர் கிடைக்கும்? சகாயத்தை அனுப்பி இரண்டு வாழைமரம் வாங்கி வரச் சொன்னேன், குலையோடு. கட்டினோம். வாழை கட்டின பிறகு ஜாலர் இல்லாமல் இருந்தால் கண்ணுக்கு நன்றாக இல்லை, மஞ்சள் ஜாலர் சுற்றினோம். ஜாலர் வந்த பிறகு ‘நல்வரவு’ பலகை தானாகவே வண்டியிலிருந்து இறங்கிவிட்டது. கை பழக்கம், தம்பிகளா. யாரும் யோசித்துச் செய்யவில்லை.

இப்போது ஜனம் வேறு மாதிரி பார்க்க ஆரம்பித்தது. ஸ்கூட்டரில் ஒரு பெரியவர், நெற்றியில் பளிச்சென்று திருமண், சிவப்புக்கு நின்றவர் அண்ணாந்து பார்த்தார்.

“ஏன்காணும், யாராத்துக் கல்யாணம்?”

“கல்யாணம் இல்லீங்க சாமி. வெயிலுக்குப் போட்டது.”

“வெயிலுக்கா? பேஷ், பேஷ். அதுக்கும் ஒரு கால்கட்டைப் போட்டாத்தான் அடங்கும்.”

பச்சை விழுந்தது. பின்னால் ஹாரன். பெரியவர் அசையவில்லை. “இருமேன், இன்னும் ஒரு சிவப்பு இருந்துட்டுப் போறேன். ஆத்துல கரண்ட் இல்லை.” அவருக்குப் பக்கத்தில் காஸ் சிலிண்டர் கொண்டுபோகிறவர், அவரும் இன்னொரு சிவப்பு. ஏட்டம்மா விசில் ஊதி ஊதிக் கன்னம் வலித்துப்போய் என்னிடம் வந்தார். நல்ல மனுஷி, வாய் மட்டும் கொஞ்சம்.

“ஏன் மேஸ்திரி, இத்தன வருஷமா சிவப்புக்கு நிக்க மாட்டேங்கறானுங்கன்னு அழுதேன். இப்ப பச்சைக்குப் போக மாட்டேங்கறானுங்க. பந்திக்கு எல போட்டுருவீங்களா?”

அதற்குள் பசுமாடு வந்து இடது பக்க வாழைமரத்தைத் தின்ன ஆரம்பித்துவிட்டது. நான் துரத்தினேன். அது என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு வலது பக்க மரத்துக்குப் போனது.

உச்சிக்கு என்ஜினியர் சார் வந்தார். சின்னப் பையன் மாதிரி இருப்பார், ஆனால் வேலையில் சுத்தம். நல்வரவு பலகையை இரண்டு நிமிஷம் பார்த்தார். “இது எதுக்குங்க?”

“பழக்கம் சார்.”

அதற்கு மேல் கேட்கவில்லை. குனிந்து நிழலை அளந்தார். சூரியன் நேர் மேலே. நிழல் பந்தலுக்கு நேர் கீழே, சிக்னலில் நிற்கிற வண்டிகள் மேல், மடித்துப் போட்ட வேட்டி மாதிரி கச்சிதமாக விழுந்திருந்தது. “சூப்பர்ங்க. மூன்றரைக்கு மேல பெரிய மேடம் வராங்க. நல்ல வெயில்ல பாக்கணும்னு சொல்லியிருக்காங்க” என்றார். காதர் பாய் எனக்குக் கண்ணைக் காட்டினார். அவர் முகத்தில் ஆடி மாதம் வரைக்கும் சோறு தெரிந்தது.

நான் அப்போதும் நிம்மதியாக இல்லை. கம்பம் துரு, கயிறு பழசு, பஸ் உரசுமோ, காற்று அடிக்குமோ, மாடு மேடத்தை முட்டுமோ என்று எதற்கெல்லாம் பயப்பட முடியுமோ அதற்கெல்லாம் பயந்தேன். சூரியன் நகரும் என்பது மட்டும் எனக்குத் தோன்றவே இல்லை. நம்புங்கள். முப்பது வருஷத்துக்கு மேல் பந்தல் போட்டவன். ஆனால் நாம் போடுவது முக்கால்வாசி காலை முகூர்த்தத்துக்கு. தாலி ஏறி, பந்தி முடிந்து, வெயில் ஏறுவதற்குள் பந்தலைப் பிரித்துவிடுவோம். சாவு வீட்டில் யாரும் நிழலைப் பார்ப்பதில்லை. மூன்றரை மணிக்கு நம் பந்தலின் நிழல் எங்கே இருக்கும் என்று எந்தப் பந்தல்காரன் பார்த்திருக்கிறான்?

முதலில் கண்டுபிடித்தது ஏட்டம்மாதான். “மேஸ்திரி, உங்க நெழல் ரோட்டைத் தாண்டுது.”

திரும்பிப் பார்த்தேன். பாலத்திலிருந்து வடக்கே ஸ்ரீரங்கம் பக்கம் போகிறவர்கள் நிற்கிற பாதி ரோட்டுக்கு மேலேதான் பந்தல். சூரியன் மேற்கே சாய, நிழல் கிழக்கே போய்க்கொண்டிருந்தது. பந்தல் நட்ட இடத்தில்தான் இருக்கிறது. நிழல் மட்டும் நடுவில் வைத்த தடுப்பைத் தாண்டி எதிர்ப்பக்க ரோட்டில் படுத்திருக்கிறது. பந்தலுக்குக் கீழே கொதிக்கிற வெயில்.

“புடிங்க மேஸ்திரி, ஓடுது பாருங்க!”

“ஏட்டம்மா, அதுல நான் கயிறு கட்டலைங்க.”

ஜனம் என்ன செய்யும்? நிழல் எங்கேயோ அங்கே போகும். சிலிண்டர்க்காரர் தடுப்பை ஒரு காலால் நகர்த்தினார். பெரியவர் ஸ்கூட்டரை உருட்டிக்கொண்டு எதிர்ப்பக்கம் போனார் (அவர் அதுவரைக்கும் அங்கேதான் இருந்தார், நடுவில் வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டுவிட்டுத் திரும்பி வந்திருந்தார்). அவர் பின்னாலேயே இருபது முப்பது வண்டி. ஸ்ரீரங்கத்திலிருந்து சத்திரம் பஸ் ஸ்டாண்டு போகிற பஸ் நேருக்கு நேர் வந்து நின்றுவிட்டது. டிரைவர் எட்டிப் பார்த்து, “யோவ், இது என் சைடுய்யா!” என்றார். “நெழல் எங்களுதுண்ணே” என்று ஒரு காலேஜ் பெண் பதில் சொன்னாள். ஆக, அந்தப் பக்கமும் போகவில்லை, இந்தப் பக்கமும் போகவில்லை. வண்டி வரிசை பாலத்தில் ஏறிவிட்டது.

என்ஜினியர் சாருக்கு போன் வந்தது. பேசி முடித்தபோது அவர் முகம் வெளுத்திருந்தது. “மேடம் பாலத்துல இருக்காங்க. எதோ டிராஃபிக்காம். என்னன்னு கேக்குறாங்க.”

காதர் பாய், “யா அல்லா, பந்தலைத் தூக்கி அந்தப் பக்கம் வைங்கடா!” என்று கத்தினார். சகாயம் கம்பத்தையும் பார்த்தான், பாயையும் பார்த்தான். “பாய், திருப்பூர் பஸ் எத்தன மணிக்கு?” என்றான்.

தம்பிகளா, நெருக்கடியில் ஆளாளுக்கு ஒன்று சொல்வார்கள். எல்லாம் சத்தமாக இருக்கும். அப்போது பந்தலைப் பார்க்காதீர்கள், முதலாளியைப் பார்க்காதீர்கள், கீழே நிற்கிற ஆளைப் பாருங்கள். நான் ஏதோ தெளிவாக யோசித்துப் பார்த்ததாக நினைக்க வேண்டாம். மேலே பார்க்க பயமாக இருந்ததால் கீழே பார்த்தேன், அவ்வளவுதான். பந்தலுக்கு அடியில் வேறு வழியில்லாமல் நின்றிருந்தவர்கள் அத்தனை பேரும் இடது கன்னத்தை மறைத்துக்கொண்டிருந்தார்கள். ஒரு அம்மா கைப்பையால், ஒருத்தர் ஃபைலால், ஒரு குழந்தை டிபன் பாக்ஸ் மூடியால். யாருமே தலையை மறைக்கவில்லை. வெயில் மேலேயிருந்து வரவில்லை, பக்கத்திலிருந்து வருகிறது. கூரை அல்ல, சுவர்தான் வேண்டும்.

“சார், மேற்குப் பக்கம் தொங்கத் துணி கட்டுனா?”

என்ஜினியர் சார் ஒரு நொடி சூரியனைப் பார்த்தார், கம்பத்தைப் பார்த்தார், விரலால் காற்றில் ஒரு கோடு போட்டார். “தரையிலேருந்து எட்டடி விட்டு மேல பூரா கட்டுங்க. போதும், ரோடு பூரா நெழல் வந்துரும். சீக்கிரம்!”

துணிக்கு எங்கே போவது? வண்டியில் இருந்தது ஒரே ஒரு துணி. போன வாரம் ஒரு ரிசப்ஷன் மேடைக்குப் பின்னால் கட்டின ஸ்க்ரீன். வெள்ளை வெளேர் என்று பனிமலை, ஒரு அருவி, இரண்டு வாத்து. மேலே தெர்மோகோலில் ‘ப்ரியா – கார்த்தி’.

“அத எடுக்காத!” என்றார் பாய். “வெயில்ல சாயம் போயிடும்.”

“சாயம் போனா பரவால்ல பாய், சகாயம் போயிடுவான்.”

பாயே துணியின் ஒரு முனையைப் பிடித்தார்.

இப்போது என் பயத்துக்கு வருகிறேன். தொங்குகிற துணி என்றால் அது பாய்மரம். காவிரிப் பக்கம் சாயங்காலம் காற்று எப்போது கிளம்பும் என்று சொல்ல முடியாது. இப்போதெல்லாம் சித்திரைக் காற்றும் முன் மாதிரி இல்லை, சும்மா இருந்துவிட்டு ஒரே அறையாக அறைகிறது. நான்கு மூலையும் நைலான் கயிற்றில் இறுக்கிக் கட்டினால் துணி நிற்கும், காற்று மொத்த பாரத்தையும் கம்பத்தில் ஏற்றும், கம்பம் ஜனத்தின் மேல் வரும். கட்டாமல் விட்டால் ஆர்டர் போகும். சகாயம் மேலே உட்கார்ந்துகொண்டு, “சீக்கிரம் சொல்லுண்ணே, கம்பி சுடுது” என்கிறான்.

மேலே கயிறு, கீழே சணல் என்றேன். பொட்டலம் கட்டுகிற சணல். காற்று வந்தால் சணல் அறுந்து, துணி கொடி மாதிரி மேலே பறக்கட்டும். கம்பம் பிழைக்கும். மேடம் முன்னால் துணி பறந்தால் மானம் போகும், அது வேறு விஷயம்.

கட்டினோம். பனிமலை இறங்க இறங்க ரோடு முழுக்க நிழல் வந்தது. எதிர்ப்பக்கம் போன வண்டிகளை ஏட்டம்மா இந்தப் பக்கம் ஓட்டி வந்தார். “வாங்க, வாங்க, இங்கயும் நெழல், ஊட்டியே வந்துருச்சு!” பஸ் நகர்ந்தது. பாலம் நகர்ந்தது. பெரியவர் மலையைப் பார்த்துவிட்டு, “சேவிச்சுக்கறேன், பத்ரியே பக்கத்துல வந்துடுத்து” என்றார், கிளம்பவில்லை.

பெரிய மேடம் காருக்குக் காத்திராமல் பாலத்திலிருந்து நடந்தே வந்துவிட்டார். புடவைத் தலைப்பால் நெற்றியைத் துடைத்துக்கொண்டு பந்தலுக்கு அடியில் வந்து நின்றார். வாழைத் தண்டை மென்றுகொண்டிருந்த மாட்டைப் பார்த்தார். ஜாலரைப் பார்த்தார். நல்வரவைப் படித்தார். பிறகு பனிமலையை நிதானமாகப் பார்த்தார்.

“கார்த்தி யாரு?”

ஏட்டம்மா விறைப்பாக நின்று, “அவங்க ரிசப்ஷன் போன வாரமே முடிஞ்சிருச்சு மேடம்” என்றார்.

“நெழல் நல்லாத்தான் இருக்கு” என்றார் மேடம். காதர் பாய் மூச்சு விட்டார். அவர் விட்ட மூச்சுதானோ என்னமோ, சரியாக அந்த நேரம் பார்த்துக் காற்று கிளம்பியது.

கம்பமெல்லாம் ஒரு முறை முனகியது. அப்புறம் சணல் பட், பட், பட் என்று அறுந்தது. பனிமலை அப்படியே கிளம்பி, மேலே போய், மேல் கயிற்றையும் உருவிக்கொண்டு, மடங்கி, அருவியும் வாத்துமாக மேடம் மேலும் என்ஜினியர் சார் மேலும் கவிழ்ந்தது. கார்த்தி பிய்ந்து பறந்துபோய் பஸ் கண்ணாடியில் ஒட்டிக்கொண்டான். மாடு ஓடிவிட்டது. பெரியவர் மட்டும் கையைக் கூப்பினார்.

நான் சொல்கிறேன், அந்த நிமிஷத்தில் எனக்கு உயிர் இல்லை. கண்ணை மூடிக்கொண்டு கம்பம் விழுகிற சத்தத்துக்காகக் காத்திருந்தேன். விழவில்லை. துணிக்குள்ளிருந்து மேடத்தின் குரல்தான் வந்தது. “யாரு இதக் கட்டுனது?”

சகாயம் கம்பத்தின் மேலிருந்து என்னைக் கைகாட்டினான். மேலே இருப்பவனுக்கு எவ்வளவு தைரியம் பாருங்கள்.

துணியை விலக்கினோம். தலைமுடியில் தெர்மோகோல் துகளோடு மேடம் வெளியே வந்தார். என்னைப் பார்க்கவில்லை, மேலே கம்பத்தைப் பார்த்தார். “இவ்வளவு காத்துக்குக் கம்பம் ஏன் சாயல?”

“கீழ்ப்பக்கம் சணல்ல கட்டினேன் மேடம். துணி போனா போகட்டும், கம்பம் ஆள் மேல விழுந்துடக் கூடாதுன்னு…”

“காத்து வரும்னு தெரியுமா?”

“தெரியாது மேடம். பயம்.”

“எதுக்கெல்லாம் பயப்படுவீங்க?”

பொய் சொல்ல வரவில்லை. “எல்லாத்துக்கும் மேடம். இப்ப உங்களப் பாத்தாலும்.”

அவர் சிரித்தாரா, தெர்மோகோலைத் துப்பினாரா, என்னால் சொல்ல முடியவில்லை. என்ஜினியர் பக்கம் திரும்பினார். “மிச்ச சிக்னலையும் இவரே பயந்து பயந்து கட்டட்டும். மேற்குப் பக்கம் தடுப்போட. காலையில கெழக்குப் பக்கம் என்னன்னு பாருங்க. மலை வேண்டாம், பச்சை வலையே போதும். வாழைமரம் கண்டிப்பா வேண்டாம்.”

காதர் பாய் என்னைக் கட்டிப்பிடித்தார். எனக்கு மூச்சு முட்டியது. சகாயம் இறங்கி வந்து, திருப்பூருக்குப் போன் போட்டு, “மாப்ள, எனக்கு எடம் புடிக்காத” என்றான். அந்த வெயிலில் எல்லா சிக்னலையும் நாங்கள்தான் கட்டினோம். ஒரு ஆளும் வேலையை விட்டுப் போகவில்லை.

உங்களுக்குச் சொல்ல வேண்டியது ஒன்றுதான். பந்தல் போடும் நேரத்தை வைத்துப் பந்தலை முடிவு செய்யாதீர்கள். ஜனம் எத்தனை மணிக்கு வந்து நிற்குமோ அத்தனை மணிக்குப் போய் நீங்கள் அங்கே நின்று பாருங்கள். இன்னொன்று, பயத்தைப் பற்றி. பயப்படுகிறவனை எல்லோரும் கேலி செய்வார்கள். செய்யட்டும். பயந்துகொண்டே வேலையைச் செய்கிறவன் பரவாயில்லை. பயந்து வேலையைச் செய்யாமல் விடுகிறவனும், பயமே இல்லாமல் நைலான் கயிறு கட்டுகிறவனும்தான் ஆபத்து.

மாதிரிப் பந்தல் பில் சீக்கிரமே பாஸாகிவிட்டது. வாழைமரத்தைப் பாய் தலையில் எழுதினார்கள், நியாயம்தான். பனிமலை வாடகையும் சலவையும்தான் நின்றுபோச்சு. அதை எந்தத் தலைப்பில் எழுதுவது என்று ஆபீஸில் தெரியவில்லை. மேற்குத் தடுப்பு என்று எழுதினால், ஆர்டரில் மேற்குத் தடுப்பு இல்லை என்கிறார்கள். அலங்காரம் என்று எழுதினால், சிக்னலுக்கு எதற்கு அலங்காரம் என்கிறார்கள். என்ஜினியர் சார் மாற்றலாகிப் போகும்போதுகூட, “அது வந்துரும் மேஸ்திரி” என்றார். எனக்குப் போய்க் கேட்க பயம். உங்களில் யாராவது அந்தப் பக்கம் போனால், நான் அனுப்பினதாகச் சொல்லாமல், கேட்டுப் பாருங்கள். பாக்கி ஆயிரத்து நானூறு ரூபாய்.